விஆர் ஹெட்செட்டில் வாங்கிய கேமுக்குப் பணம் திரும்பப் பெறுவது எப்படி? புதுச்சேரி, கடலூர்ப் பகுதியினருக்கு ஒரு வழிகாட்டி

விஆர் ஹெட்செட்டில் வாங்கிய கேம் ஒத்துவராவிட்டால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். டிஜிட்டல் பொருளுக்குப் பணம் கொடுத்தால் போனது போனதுதான் என்று விட்டுவிடுபவர்களையும், எப்போது கேட்டாலும் கொடுப்பார்கள் என்று நாளைக் கடத்துபவர்களையும் புதுச்சேரியில் ஒரே அளவில் பார்க்கிறேன். எங்கள் வீட்டில் வாங்கிய ஒரு கேமுக்கான பணம், கடையிலிருந்து சுலபமாகவே புறப்பட்டு வங்கிப் பக்கம் எங்கோ தங்கிவிட்டது. அதைத் தேடி அலைந்தபோது தெரிந்துகொண்டவற்றை, புதிதாக ஹெட்செட் வாங்கியவர்களுக்குப் பயன்படும் வரிசையில் கீழே தருகிறேன்.

1. எந்தக் கடையில் வாங்கினீர்கள் என்பதை முதலில் உறுதிசெய்யுங்கள்

தலையில் மாட்டியிருப்பது ஒரே ஹெட்செட்டாக இருந்தாலும், அதில் ஓடும் கேம் வேறு வேறு கடைகளில் வாங்கப்பட்டதாக இருக்கலாம். மெட்டா குவெஸ்ட் வைத்திருப்பவர் மெட்டாவின் சொந்தக் கடையில் வாங்கியிருக்கலாம். அல்லது கணினியில் ஸ்டீம் கடையில் வாங்கி, கேபிள் வழியாகவோ ஸ்டீம் லிங்க் செயலி வழியாகவோ குவெஸ்ட்டில் விளையாடிக்கொண்டிருக்கலாம். பிளேஸ்டேஷன் விஆர்2 வைத்திருப்பவருக்குக் கடை பிளேஸ்டேஷன் ஸ்டோர். விண்ணப்பம் வாங்கிய கடைக்குத்தான் போக வேண்டும். ஹெட்செட்டைத் தயாரித்த நிறுவனத்துக்கு எழுதிப் பயனில்லை. மூன்று கடைகளின் விதிகளும் ஒன்றல்ல.

ஒரே கேமின் குவெஸ்ட் பதிப்பும் ஸ்டீம் பதிப்பும் பெரும்பாலும் தனித்தனிப் பொருள்கள். ஒன்றை வாங்கியவர் மற்றதும் கிடைத்துவிடும் என்று நம்பி, பின்னர் இரண்டாவதையும் விலை கொடுத்து வாங்குவது அடிக்கடி நடக்கிறது. அப்படி வாங்கிவிட்டால், இரண்டில் எதைத் திருப்பித் தரப்போகிறீர்கள் என்பதை முடிவுசெய்து, திருப்பித் தரப்போவதை மேற்கொண்டு திறக்காமல் வையுங்கள்.

பழைய ஹெட்செட்டை 'கேம் எல்லாம் ஏற்றித் தருகிறோம்' என்று விற்பவர்களிடம் வாங்கியிருந்தால், அந்தக் கேம்களுக்கு உங்களால் ரீஃபண்ட் கேட்க இயலாது, ஏனெனில் அவை வேறொருவரின் கணக்கில் இருக்கின்றன. வெளியாரிடம் குறியீடாக வாங்கி ஸ்டீமில் சேர்த்துக்கொண்ட கேம்களுக்கும் ஸ்டீம் பணம் தராது. விற்றவரிடம்தான் கேட்க வேண்டும்.

2. 14 நாள், 2 மணி நேரம் என்ற இரு கணக்குகளையும் வாங்கிய நாளிலேயே எழுதி வையுங்கள்

மெட்டாவின் கடையிலும் ஸ்டீமிலும் அடிப்படை விதி ஒன்றுபோலவே இருக்கிறது: வாங்கி 14 நாட்களுக்குள் கேட்க வேண்டும், கேமைப் பயன்படுத்திய நேரம் 2 மணிக்கும் குறைவாக இருக்க வேண்டும். இரண்டு நிபந்தனைகளும் ஒருசேர நிறைவேற வேண்டும். வாங்கியது நேற்றுதான் என்றாலும் மூன்று மணி நேரம் விளையாடியிருந்தால் உரிமை இல்லை. ஒரு நிமிடம்கூட விளையாடாவிட்டாலும் மூன்று வாரம் கழிந்திருந்தால் உரிமை இல்லை.

நாள் கணக்கு பணம் செலுத்திய நொடியிலிருந்து ஓடுகிறது. பதிவிறக்கிய நாளோ, முதலில் திறந்த நாளோ கணக்கில் வராது. தள்ளுபடியில் வாங்கிவிட்டு, பிள்ளைகளுக்குப் பரீட்சை முடிந்த பிறகு திறந்து பார்க்கலாம் என்று வைத்திருப்பவர்கள் இங்கேதான் ஏமாறுகிறார்கள். பரீட்சை முடியும்போது 14 நாள் போயிருக்கும். கடைகளின் நேரக் கணக்கு இந்திய நேரத்தை ஒட்டியே இருக்கும் என்ற உறுதியும் இல்லாததால், கடைசி நாளை நம்பாமல் 12ஆம் நாளையே எல்லையாகக் கொள்வது நல்லது.

மணிக் கணக்கு இன்னும் வஞ்சகமானது. நீங்கள் விளையாடியதாக நினைக்கும் நேரமும், கடை பதிவுசெய்யும் நேரமும் ஒன்றாக இருப்பதில்லை. கேமின் முகப்பில் நின்றது, பயிற்சிக் கட்டத்தில் கை அசைத்துப் பழகியது, அமைப்புகளை மாற்றிப் பார்த்தது எல்லாமே கேம் ஓடிய நேரம்தான். கணினியில் ஸ்டீம் கேமைத் திறந்துவிட்டுச் சாப்பிடப் போனால் அந்த நேரமும் சேரும். குவெஸ்ட்டில் இன்னொரு நுணுக்கம் உண்டு. இரு லென்ஸ்களுக்கு நடுவே, நெற்றிக்கு எதிரே, முகம் இருக்கிறதா என்று பார்க்கும் சிறிய உணரி இருக்கிறது. ஹெட்செட்டைக் கழற்றிக் குப்புற வைத்தாலோ, லென்ஸ் மேல் துணியைப் போட்டு மூடினாலோ, முகம் இன்னும் இருக்கிறது என்று அது எண்ணிக்கொண்டு விழித்தே இருக்கக்கூடும். ஆகவே கழற்றும் முன் மெனுவுக்குச் சென்று கேமை முழுவதுமாக மூடுங்கள். வெறுமனே கழற்றி வைக்காதீர்கள்.

பிளேஸ்டேஷன் ஸ்டோரின் விதி வேறு. அங்கும் 14 நாள் உண்டு. ஆனால் பதிவிறக்கத்தையோ ஸ்ட்ரீமிங்கையோ தொடங்காமல் இருந்திருக்க வேண்டும் என்பதே பொது நிபந்தனை. அதாவது, முயன்று பார்த்துவிட்டுத் திருப்பித் தரும் வசதி அங்கு இல்லை. கன்சோலில் தானியங்கிப் பதிவிறக்கம் இயக்கத்தில் இருந்தால், வாங்கியவுடன் பதிவிறக்கம் தானாகத் தொடங்கி உங்கள் உரிமை அப்போதே போய்விடும். கைபேசியில் வாங்கும் பழக்கம் உள்ளவர்கள் முதலில் அந்த அமைப்பை நிறுத்தி வையுங்கள். குறைபாடுள்ள கேமாக இருந்தால் மட்டும் பதிவிறக்கிய பின்னும் கேட்க இடம் உண்டு.

3. முதல் அரை மணி நேரத்தை எப்படிச் செலவிட வேண்டும்?

கதையை ரசிக்கத் தொடங்கும் முன், திருப்பித் தர வேண்டிய காரணங்கள் இருக்கின்றனவா என்று சோதிப்பதற்கே முதல் அரை மணியை ஒதுக்குங்கள்.

தலைசுற்றல்தான் முதல் சோதனை. நின்ற இடத்திலிருந்து விளையாடும் கேம்களைவிட, கைப்பிடியால் நடந்தும் பறந்தும் செல்லும் கேம்கள் பலருக்குக் குமட்டலைத் தருகின்றன. மெட்டாவின் கடையில் ஒவ்வொரு கேமுக்கும் சௌகரியமானது, மிதமானது, தீவிரமானது என்ற மூன்று தரங்களில் ஒன்று குறிக்கப்பட்டிருக்கும். வாங்கும் முன்பே அதைப் பாருங்கள். குமட்டல் வந்தால் பழகிவிடும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு தொடராதீர்கள். அப்படித் தொடர்ந்து 2 மணி நேர எல்லையைத் தாண்டியவர்களுக்கு, கேமும் பழகவில்லை, பணமும் திரும்பவில்லை.

அடுத்தது இடம். அறைக்குள் நடமாடி விளையாடும் கேம்களுக்குச் சுமார் 2 மீட்டருக்கு 2 மீட்டர் காலி இடம் வேண்டும் என்பது குவெஸ்ட்டின் பரிந்துரை. முத்தியால்பேட்டையிலும் மஞ்சக்குப்பத்திலும் பல வீட்டுக் கூடங்களில் கட்டிலும் பீரோவும் போக அவ்வளவு மிஞ்சாது. தாழ்வான கூரை என்றால் தலைக்கு மேலே சுழலும் மின்விசிறியையும் நினைவில் கொள்ள வேண்டும். உட்கார்ந்தபடி விளையாட அந்தக் கேம் அனுமதிக்கிறதா என்று பாருங்கள்.

மூன்றாவது, உங்கள் மாடலில் ஓடுமா என்பது. குவெஸ்ட் 2 வைத்திருப்பவர்கள் இதில் கவனமாக இருக்க வேண்டும். 2024 அக்டோபரில் வந்த பேட்மேன்: ஆர்க்கம் ஷேடோ போன்ற கேம்கள் குவெஸ்ட் 3, 3எஸ் ஆகியவற்றுக்கு மட்டுமே உரியவை. இணைய இணைப்பு இல்லாமல் ஓடுமா என்பதையும் இப்போதே சோதித்துவிடலாம்.

4. யாருடைய கணக்கு, யாருடைய கார்டு?

நம் பகுதிக்கே உரிய சிக்கல் இது. புதுச்சேரியில் பல குடும்பங்களுக்குப் பிரான்சில் உறவினர் உண்டு. பாரீஸிலிருந்து விடுமுறைக்கு வரும் சித்தப்பாவோ மாமாவோ ஹெட்செட்டை வாங்கி, தம் கணக்கிலேயே அமைத்து, தம் கார்டையும் அதில் சேர்த்துக் கொடுத்துவிட்டுப் போய்விடுவார்கள். இங்கே பிள்ளைகள் வாங்கும் ஒவ்வொரு கேமுக்கும் அங்கே யூரோவில் பணம் போகும். ரீஃபண்ட் கிடைத்தாலும், அது பணம் செலுத்திய அதே கார்டுக்குத்தான் திரும்பும். நீங்கள் அவருக்கு ரூபாயாகக் கொடுத்துக் கணக்கை முடித்திருந்தால், கடையிடம் அந்தப் பணத்தை உங்கள் கணக்குக்கு அனுப்பச் சொல்ல இயலாது. அவரிடமே கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டியதுதான். விண்ணப்பிக்கும்போது சரிபார்ப்புக் குறியீடு அவருடைய மின்னஞ்சலுக்கோ கைபேசிக்கோ போகக்கூடும் என்பதால், பிரான்சில் அவர் விழித்திருக்கும் நேரம் பார்த்து, முன்கூட்டியே சொல்லிவைத்துவிட்டுத் தொடங்குங்கள்.

'பிரான்சில் எதை வாங்கினாலும் 14 நாளில் திருப்பித் தரலாம், சட்டமே இருக்கிறது' என்று அந்த உறவினர்கள் உறுதியாகச் சொல்வதைக் கேட்டிருப்பீர்கள். ஐரோப்பிய ஒன்றியத்தின் 2011ஆம் ஆண்டு நுகர்வோர் உரிமை நெறிமுறையில் அந்த 14 நாள் விலகல் உரிமை இருப்பது உண்மைதான். ஆனால் டிஜிட்டல் பொருளை உடனே தரும்படி வாங்குபவர் வெளிப்படையாகச் சம்மதித்து, அதனால் விலகல் உரிமை போகும் என்பதையும் ஒப்புக்கொண்டால், பொருள் தரப்படத் தொடங்கியதும் அந்த உரிமை நீங்கிவிடுகிறது. வாங்கும் பக்கத்தில் படிக்காமல் அழுத்தும் ஒப்புதல் இதற்குத்தான். ஆகவே சட்டத்தின் 14 நாளை நம்பி 2 மணி நேரத்தைத் தாண்டாதீர்கள். கடையின் விதியையே நம்புங்கள்.

பிள்ளைகள் தெரியாமல் வாங்கிவிடுவதைத் தடுக்க, வாங்குவதற்கு ஒரு பின் எண் வைத்துவிடுங்கள். குவெஸ்ட்டில் 10 முதல் 12 வயது வரை உள்ளவர்களுக்குப் பெற்றோர் நிர்வகிக்கும் கணக்கு உண்டு. அதை அமைத்தால் வாங்கும் அனுமதி உங்கள் கையில் இருக்கும்.

5. எடுத்து வைக்க வேண்டிய ஆவணங்கள்

நேரு வீதித் துணிக்கடையில் பில் இல்லாமல் சட்டையை மாற்றக் கேட்டால் என்ன நடக்குமோ அதுவே இங்கும் நடக்கும். விண்ணப்பத்தின்போது கடை எந்தக் காகிதமும் கேட்காது. ஆனால் மறுப்பு வந்தாலோ பணம் வழியில் தங்கினாலோ எல்லாமே தேவைப்படும். கேமை நீங்கள் திருப்பித் தந்ததும் அது உங்கள் நூலகத்திலிருந்து போய்விடும் என்பதால், விண்ணப்பிக்கும் முன்பே இவற்றைச் சேமியுங்கள்.

ஆர்டர் எண்ணுடன் வந்த மின்னஞ்சலைப் பிடிஎஃப்பாக வைத்துக்கொள்ளுங்கள். வாங்கிய தேதியும் விலையும் தெரியும் பக்கத்தை ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். ஸ்டீமில் விளையாடிய நேரம் நூலகத்திலேயே தெரியும், அதையும் எடுத்துவிடுங்கள். கேம் திறக்கவில்லை, நடுவில் நின்றுவிடுகிறது என்பது காரணமானால், அந்தப் பிழைச் செய்தியை ஹெட்செட்டிலேயே படமாகவோ காணொளியாகவோ பதிவுசெய்யலாம். வங்கியிலிருந்து வந்த குறுஞ்செய்தியை அழிக்காதீர்கள். யுபிஐ என்றால் 12 இலக்கப் பரிவர்த்தனை எண்ணும், கார்டு என்றால் அந்த மாத ஸ்டேட்மென்ட்டும் வேண்டும்.

6. விண்ணப்பிக்கும் முறை

மெட்டா கடையில் வாங்கியதற்குக் கைபேசியில் உள்ள மெட்டா ஹொரைசன் செயலியே எளிது. 2024க்கு முன் இதன் பெயர் மெட்டா குவெஸ்ட் செயலி. அமைப்புகளுக்குள் சென்று, வாங்கியவற்றின் பட்டியலைத் திறந்து, குறிப்பிட்ட கேமைத் தொட்டால் ரீஃபண்ட் கேட்கும் பொத்தான் வரும். காரணத்தைத் தேர்ந்தெடுத்து அனுப்பினால் ஒப்புகை மின்னஞ்சலில் வரும். உலாவி வழியாக மெட்டா கணக்கில் நுழைந்தும் இதையே செய்யலாம். மெனுக்களின் இடம் அப்டேட்டுக்கு அப்டேட் மாறிக்கொண்டே இருப்பதால், வாங்கியவற்றின் பட்டியல் எங்கே இருக்கிறது என்று தேடுங்கள். அதைப் பிடித்துவிட்டால் மற்றது தானாக வரும்.

ஸ்டீமில் உதவிப் பக்கத்துக்குச் சென்று, அண்மையில் வாங்கியவற்றில் அந்தக் கேமைத் தேர்ந்தெடுத்து, ரீஃபண்ட் வேண்டும் என்று குறிக்க வேண்டும். அப்போது ஒரு கேள்வி வரும்: பணம் ஸ்டீம் வாலட்டுக்கா, செலுத்திய வழிக்கா? அவசரத்தில் வாலட் என்று அழுத்தினால் அந்தப் பணத்தை வங்கிக்கு மாற்ற வழியில்லை. வேறு கேம் வாங்க மட்டுமே பயன்படும். செலுத்திய வழிக்குத் திருப்ப இயலாத சூழலில் ஸ்டீம் தானாகவே வாலட்டில் வரவு வைக்கும்.

பிளேஸ்டேஷனுக்கு அதன் உதவிப் பக்கத்தில் உள்ள ரீஃபண்ட் பிரிவு வழியாகக் கேட்க வேண்டும்.

இந்த இடத்தில் ஓர் எச்சரிக்கை. தேடுபொறியில் 'கஸ்டமர் கேர் நம்பர்' என்று தேடி வரும் எண்களை அழைக்காதீர்கள். ரீஃபண்ட் தருவதாகச் சொல்லித் திரைப்பகிர்வுச் செயலியை நிறுவச் சொல்பவரும், யுபிஐ பின் எண்ணை அழுத்தச் சொல்பவரும் மோசடிக்காரர்களே. பணம் பெறுவதற்குப் பின் எண் ஒருபோதும் தேவையில்லை. ஏமாந்துவிட்டால் உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழையுங்கள்.

7. திரும்பாதவை

மெட்டாவின் 14 நாள் விதி கேம்களுக்கும் செயலிகளுக்கும் உரியது. கேமுக்குள்ளே வாங்கும் நாணயங்களும் உடைகளும் அதில் சேரா. பிள்ளைகள் அதிகம் செலவழிப்பது இவற்றில்தான் என்பதால் பின் எண்ணை மீண்டும் வலியுறுத்துகிறேன். ஸ்டீமில், கேமோடு சேர்த்துக்கொள்ளத் தனியாக விற்கும் கூடுதல் கட்டங்களுக்கு ஓரளவு இடம் உண்டு: அவற்றை வாங்கிய பிறகு மூல கேமை 2 மணி நேரத்துக்கும் குறைவாக விளையாடியிருந்து, வாங்கியதைப் பயன்படுத்தித் தீர்க்காமலும் இருந்தால் கேட்கலாம். தொகுப்பாக வாங்கினால் அதிலுள்ள எல்லாக் கேம்களின் நேரமும் கூட்டப்படும். வெளியீட்டுக்கு முன் முன்னணுகலில் விளையாடிய நேரத்தையும் ஸ்டீம் 2024 ஏப்ரலிலிருந்து கணக்கில் சேர்க்கிறது.

மாதச் சந்தாவை ரீஃபண்டாக எண்ணாதீர்கள். அடுத்த பிடித்தத்துக்கு முன் நிறுத்துவதே வழி. இந்தியக் கார்டுகளில் தானியங்கிப் பிடித்தத்துக்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பு வங்கி தகவல் அனுப்ப வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அந்தச் செய்தியைப் பார்த்ததும் செயல்பட்டால் போதும்.

வாங்குவதும் திருப்பித் தருவதுமாகவே இருந்தால் முறைகேடாகக் கருதி வசதியையே நிறுத்த இந்தக் கடைகளின் விதிகள் இடம் தருகின்றன. ஆனால் தள்ளுபடிக்கு முந்தைய நாள் முழு விலைக்கு வாங்கியதைத் திருப்பித் தந்துவிட்டுக் குறைந்த விலைக்கு மீண்டும் வாங்குவதை முறைகேடாகக் கருதுவதில்லை என்று ஸ்டீமே சொல்கிறது. தயங்க வேண்டாம்.

8. பணம் வந்து சேரும் காலமும், வழியில் கழிவதும்

ஒப்புதல் வந்த பிறகு பணம் ஒரு வாரத்துக்குள் வரும் என்று ஸ்டீம் சொல்கிறது. வெளிநாட்டுக் கட்டண வழிகளில் கூடுதல் நாள் பிடிக்கலாம். கிரெடிட் கார்டில் வாங்கியிருந்தால், ரீஃபண்ட் வரும் என்று நம்பி பில்லைக் கட்டாமல் இருக்காதீர்கள். வட்டியும் தாமதக் கட்டணமும் சேர்ந்துவிடும்.

முழுத் தொகை திரும்பினாலும் உங்கள் கைக்கு முழுத் தொகை வராமல் இருக்கலாம். விலை டாலரிலோ யூரோவிலோ இருந்தால் கார்டு வங்கி அந்நியச் செலாவணிக் கட்டணம் பிடிக்கும். உங்கள் கார்டில் அது 3.5 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். 2,500 ரூபாய்க் கேமுக்கு 87 ரூபாய் 50 காசும், அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டியாக 15 ரூபாய் 75 காசும் சேர்ந்து 103 ரூபாய் 25 காசு போகும். ரீஃபண்டில் இந்தக் கட்டணம் பெரும்பாலும் திரும்புவதில்லை. வாங்கிய நாளின் மாற்று விகிதமும் திரும்பிய நாளின் விகிதமும் வேறாக இருப்பதால் சில ரூபாய் கூடவோ குறையவோ செய்யும். இதற்காகக் கடையோடு சண்டையிடுவது வீண்.

கடை அனுப்பிவிட்டதாகச் சொல்லி, வங்கி வரவில்லை என்று சொன்னால் இருவருக்கும் நடுவே மாட்டிக்கொள்வீர்கள். எங்களுக்கு நேர்ந்தது இதுதான்: கிளையில் 'கம்பெனியைக் கேளுங்கள்' என்றார்கள், கடை ரசீதைக் காட்டியது. முடிச்சை அவிழ்ப்பது ஏஆர்என் எனப்படும் 23 இலக்க எண். கார்டு ரீஃபண்ட் ஒவ்வொன்றுக்கும் இது உண்டு. கடையின் உதவிப் பிரிவிடம் இந்த எண்ணைக் கேட்டு வாங்கி, வங்கிக்கு வாய்மொழியாக இல்லாமல் மின்னஞ்சலில் எழுதி, புகார் எண்ணைப் பெறுங்கள். எண் கைக்கு வந்த பிறகு வங்கியால் 'தெரியாது' என்று சொல்ல முடியாது. வங்கி 30 நாட்களில் தீர்க்காவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் இணையத்தில் இலவசமாகப் புகார் செய்யலாம்; வழிகாட்டல் பெற 14448 என்ற எண் உண்டு.

பணம் பிடிக்கப்பட்டு கேம் வரவே இல்லை என்பது ரீஃபண்ட் அல்ல, தோல்வியுற்ற பரிவர்த்தனை. யுபிஐயில் வணிகருக்குச் செலுத்தியது உறுதியாகாவிட்டால், பரிவர்த்தனை நாளுக்குப் பின் 5 நாட்களுக்குள் பணம் தானாகத் திரும்ப வேண்டும். தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் 100 ரூபாய் இழப்பீடு உண்டு என்று ரிசர்வ் வங்கி 2019 செப்டம்பரில் வகுத்த விதி சொல்கிறது.

9. கடை மறுத்துவிட்டால்

எல்லைக்குள் இருந்தும் மறுப்பு வந்தால், அல்லது எல்லை தாண்டியிருந்தாலும் கேமே ஓடவில்லை என்றால், பிழைச் செய்தியின் படத்துடன் இன்னொரு முறை எழுதுங்கள். எல்லைக்கு வெளியே உள்ள விண்ணப்பங்களையும் பரிசீலிப்பதாக ஸ்டீம் சொல்கிறது. பிடிக்கவில்லை என்ற காரணத்தை மட்டும் வைத்துக்கொண்டு காலம் கடந்து போராடுவதில் எனக்கு நம்பிக்கை இல்லை.

வங்கியிடம் சார்ஜ்பேக், அதாவது கார்டில் செலுத்திய பணத்தைக் கடையிடமிருந்து வங்கி வழியாகவே திரும்பப் பிடித்துத் தரும்படி, கேட்கும் யோசனையைப் பலர் எடுத்த எடுப்பிலேயே சொல்வார்கள். கார்டு வலையமைப்புகளில் பெரும்பாலான காரணங்களுக்கு அதற்கான கால எல்லை 120 நாள் என்பதால் அவசரம் இல்லை. சார்ஜ்பேக் செய்தால் கடை உங்கள் கணக்கையே முடக்கக்கூடும். அதில் வாங்கிய மற்ற கேம்களும் அதோடு போகும். ஒரே ஒரு கேம் உள்ள கணக்கில் மட்டும் இதைத் துணிந்து செய்யலாம்.

அதற்கு முன் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்கள். தமிழிலேயே பேசலாம், செலவு இல்லை. சில நூறு ரூபாய் விவகாரத்துக்கு இந்த எல்லையோடு நிறுத்திக்கொள்வதே அறிவு என்பது என் கருத்து.

தொகை பெரிது, காரணமும் வலுவானது என்றால் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம் இருக்கிறது. 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி, விற்றவர் எங்கே இருந்தாலும், நீங்கள் வசிக்கும் அல்லது தொழில் செய்யும் இடத்து ஆணையத்திலேயே புகார் தரலாம். நம் எல்லைகள் குழப்பமானவை என்பதால் இதைக் கவனியுங்கள்: கோட்டக்குப்பத்தில் வசிப்பவருக்கு உரியது விழுப்புரம் மாவட்டம், ரெட்டிச்சாவடியில் வசிப்பவருக்குக் கடலூர், பாகூரில் வசிப்பவருக்குப் புதுச்சேரி. கோட்டக்குப்பத்தில் குடியிருந்துகொண்டு புதுச்சேரியில் வேலை பார்ப்பவர் இரண்டில் எதையும் தேர்ந்தெடுக்கலாம். 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் கிடையாது. 2025 ஜனவரி 1 முதல் செயல்படும் இ-ஜாக்ரிதி தளத்தில் வீட்டிலிருந்தே பதிவுசெய்யலாம். பிரச்சினை எழுந்த நாளிலிருந்து 2 ஆண்டுகளுக்குள் புகார் தர வேண்டும்.

விஆர் மையம் வைத்து மணிக்கு இவ்வளவு என்று வசூலிப்பவர்கள், சுயதொழிலாக வாழ்வாதாரத்துக்கு நடத்துபவர்கள் தவிர, சட்டத்தின் பார்வையில் நுகர்வோர் அல்லர். அவர்களுக்கு இந்த ஆணையம் பயன்படாது.